‘சோப்’ பண்ணுவது என்றால் என்ன? சிங்கப்பூர் வினைச்சொல் ஒன்று – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஊரிலிருந்து வேலைக்கோ படிப்புக்கோ வந்து இறங்கியவர்கள் முதல் வாரத்திலேயே காதில் வாங்கும் சொல் இது. இங்கேயே பிறந்து வளர்ந்தவர்கள் தினமும் சொல்வார்கள். ஆனால் எங்கிருந்து வந்தது என்று கேட்டால் உதட்டைப் பிதுக்குவார்கள். இரண்டு தரப்பும் கேட்பவற்றை இங்கே சேர்த்துவைத்திருக்கிறேன்.

சோப் என்றால் என்ன?

குளிக்கிற சோப்பு இல்லை. சிங்கப்பூர் ஆங்கிலத்தில் இது ஒரு வினைச்சொல். ஓர் இடத்தையோ பொருளையோ, ‘இது எனக்கு ஆகிவிட்டது, வேறு யாரும் எடுக்காதீர்கள்’ என்று அடையாளம் வைத்துப் பிடித்துக்கொள்வதுதான் சோப் பண்ணுவது. மதிய நேரத்தில் ஏதாவது ஓர் உணவங்காடி நிலையத்துக்குப் போய்ப் பாருங்கள். மேசையில் ஆள் இருக்க மாட்டார்கள், நடுவில் ஒரு டிஷ்யூ பாக்கெட் மட்டும் கிடக்கும். யாரோ மறந்துவிட்டுப் போனது என்று நினைக்க வேண்டாம். அதை வைத்தவர் சிக்கன் ரைஸ் வரிசையில் நின்றுகொண்டிருக்கிறார். அந்த மேசை சோப் ஆகிவிட்டது.

எப்படி உச்சரிப்பது?

ஆங்கிலத்தில் சி, ஹெச், ஓ, பி, ஈ என்று ஐந்து எழுத்து. ‘ஹோப்’ என்ற சொல்லோடு எதுகையாக வரும். தமிழில் சோப் என்று எழுதினாலும் ‘சோறு’ என்று சொல்வதுபோல மெல்லச் சொல்லக் கூடாது; ‘பச்சை’யில் வருகிற அழுத்தமான ச் அது. அந்த அழுத்தம் போனால் பொருளும் போய்விடும். ‘மேனேஜருக்குச் சோப்புப் போட்டான்’ என்பதும் ‘மேனேஜருக்கு இடம் சோப் பண்ணினான்’ என்பதும் வேறு வேறு. சில அலுவலகங்களில் இரண்டையும் ஒரே ஆள்தான் செய்வார், அது வேறு விஷயம்.

இந்தச் சொல் எங்கிருந்து வந்தது?

முத்திரையிலிருந்து. கொஞ்சம் நீளமான கதை.

இந்தியில் ‘சாப்’ என்றால் பதிந்த அடையாளம், முத்திரை, அச்சு. ‘சாப்னா’ என்றால் அச்சடிப்பது. இங்கேயும் முதல் எழுத்து பச்சையின் ச்தான். இந்தியத் துறைமுகங்களில் வணிகம் செய்ய வந்த கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே இந்தச் சொல்லைத் தங்கள் ஆங்கிலத்துக்குள் இழுத்துக்கொண்டார்கள். அதிகாரியின் முத்திரையும் சாப், அந்த முத்திரை குத்திய அனுமதிச் சீட்டும் சாப்.

மலாயிலும் அதே சொல் முத்திரை என்ற பொருளில் நிலைத்தது. மலாய் சுல்தான்கள் தங்கள் கடிதங்களில் விளக்குக் கரியைத் தடவிப் பதித்த அரச முத்திரைக்கு ‘சாப் மோஹோர்’ என்று பெயர். துணியில் செம்பு அச்சால் மெழுகைப் பதித்துச் செய்யும் பாத்தேக்கை ‘பாத்தேக் சாப்’ என்பார்கள். கையால் வரைந்தது வேறு வகை, விலையும் அதிகம். வணிகச் சின்னத்துக்கும் சாப்தான். ஊருக்குப் போகும்போது பெட்டியில் அடுக்கும் கோடாலித் தைலம் இருக்கிறதே, மலாயில் அது ‘மின்யாக் சாப் காப்பாக்’. காப்பாக் என்றால் கோடாலி. பாட்டில்மேல் கோடாலிப் படம் போட்ட எண்ணெய், அவ்வளவுதான்.

சீனக் கரையிலும் இந்தச் சொல் நன்றாகவே வேர்விட்டது. கேண்டன் துறைமுகத்தில் ஒரே முத்திரையோடு, ஒரே தரத்தில் வந்து இறங்கும் தேயிலைப் பெட்டிகளுக்கு ஒரு சாப் என்று கணக்கு. முதல் தரமான சரக்கு ‘ஃபர்ஸ்ட் சாப்’. அப்புறம் அது தேயிலையைத் தாண்டி எதற்கும் சொல்லும் பாராட்டாகிவிட்டது. ஆஸ்திரேலியாவிலும் நியூசிலாந்திலும் ஒரு பொருள் சுமாராக இருந்தால் ‘நாட் மச் சாப்’ என்பார்கள். அதுவும் இதன் மிச்சம். சுங்கச் சாவடிக்குச் ‘சாப் ஹவுஸ்’ என்றும், கப்பல் துறைமுகத்தை விட்டுப் புறப்படக் கொடுக்கும் சீட்டுக்குக் ‘கிராண்ட் சாப்’ என்றும் பெயர் இருந்தது. ஹென்றி யூலும் பர்னலும் தொகுத்து 1886இல் வெளிவந்த, இந்திய ஆங்கிலச் சொற்களுக்கான ஹாப்சன்-ஜாப்சன் அகராதியில் இந்தச் சொல்லுக்கு இருக்கும் பதிவைப் படித்தால் ஆசியக் கடல் வணிகத்தில் பாதியைப் படித்த மாதிரி இருக்கும்.

எனக்கு இதில் மிகவும் பிடித்தது நாணயக் கதை. ஸ்பானிய, மெக்சிகோ வெள்ளி நாணயங்கள் கைமாறும்போது, வெள்ளி கலப்படம் இல்லாததுதான் என்பதற்குச் சீன வணிகர்கள் ஆளாளுக்குத் தங்கள் சின்ன முத்திரையை அதன்மேல் அடித்துவிடுவார்கள். பல கை பார்த்த நாணயத்தில் அரசர் முகம் தெரியாது, சாப் மட்டும்தான் தெரியும். அந்த வகை நாணயங்கள் சிங்கப்பூரிலும் தாராளமாகப் புழங்கின. சிங்கப்பூர், பினாங்கு, மலாக்கா சேர்ந்த நீரிணைக் குடியேற்றங்களுக்கென்று சொந்த டாலர் நாணயம் 1903இல்தான் வந்தது. நாம் இன்றைக்கும் டாலரை ‘வெள்ளி’ என்றுதானே சொல்கிறோம்.

இங்கே பழைய சீனக் கடைகளின் ஆங்கிலப் பலகையில் பெயருக்கு முன்னால் ‘சாப்’ என்று எழுதியிருக்கும். இன்ன சின்னத்துக் கடை என்று பொருள். அலுவலகத்தில் பில்லை நீட்டினால் கணக்குப் பிரிவு அக்கா, ‘கம்பெனி சாப் எங்கே?’ என்பார். ரப்பர் முத்திரைக்கு இங்கே அதுதான் பெயர். சோப் பண்ணுவதன் தாய்ச்சொல் இந்தச் சாப்தான்.

சரி, முத்திரை எப்படி மேசை பிடிப்பதாக மாறியது?

முத்திரை குத்துவதே ‘இது இன்னாருடையது’ என்று சொல்லத்தான். கிடங்கில் மூட்டைகள் மலைபோல் குவிந்திருந்தாலும் என் சாப் விழுந்த மூட்டையை நீங்கள் தூக்க மாட்டீர்கள். அங்கிருந்து ‘என்னுடையது என்று அடையாளம் வைப்பது’, அதிலிருந்து ‘முன்கூட்டியே பிடித்துவைப்பது’ என்று பொருள் நகர்ந்திருக்கிறது. மை போயிற்று, கட்டை போயிற்று, உரிமை கொண்டாடுவது மட்டும் நின்றது.

பிள்ளைகளுக்கு அடையாளப் பொருள்கூட வேண்டியதில்லை. காரில் ஏறும்போது ‘சோப்!’ என்று முதலில் கத்தியவருக்கு ஜன்னல் ஓரம். தம்பி எவ்வளவு அழுதாலும் சொன்னது சொன்னதுதான். வாயாலேயே முத்திரை குத்திவிடுகிறார்கள்.

இப்போது இரண்டும் தனித்தனிச் சொல்லாகிவிட்டன. காகிதத்தில் குத்துவது சாப், இடத்தைப் பிடிப்பது சோப். இரண்டையும் மாற்றிச் சொல்லும் சிங்கப்பூரரை நான் பார்த்ததில்லை. வேடிக்கையாகச் சொன்னால், இந்தத் தீவே ஒரு காலத்தில் சாப் குத்திச் சோப் செய்யப்பட்டதுதான். 1819 பிப்ரவரி 6ஆம் தேதி சுல்தான் உசேன் ஷாவோடும் தீவின் தலைவர் துமெங்கோங் அப்துல் ரகுமானோடும் கிழக்கிந்தியக் கம்பெனியின் ராஃபிள்ஸ் ஒப்பந்தம் செய்துகொண்டார். டச்சுக்காரர்கள் வந்து பார்த்தபோது மேசையில் டிஷ்யூ பாக்கெட் கிடந்தது. அவர்கள் கத்தினார்கள், 1824இல் லண்டனில் உடன்படிக்கை ஆகும்வரை தகராறு ஓயவில்லை.

வெங்காயத்தை ‘சாப்’ பண்ணுவது, ‘சாப்ஸ்டிக்’, ‘சாப் சாப்’ எல்லாம் இதே சொல்லா?

இல்லை. வெட்டும் சாப் ஆங்கிலத்தின் சொந்தச் சொல், முத்திரையோடு அதற்கு உறவு கிடையாது. ‘சீக்கிரம், சீக்கிரம்’ என்று விரட்டும் சாப் சாப் சீனத் துறைமுகங்களில் பேசிய கலப்பு ஆங்கிலத்திலிருந்து வந்தது. கேண்டனிய மொழியில் அவசரத்தைக் குறிக்கும் சொல்லோடு அதைச் சேர்ப்பார்கள். சாப்ஸ்டிக்கில் உள்ளதும் அந்த விரைவுச் சாப்தான். ‘சாப் சூயி’ என்ற உணவின் பெயர் இன்னொரு கேண்டனியத் தொடர். நாலும் வேறு வேறு குடும்பம், பெயர்ப் பொருத்தம் மட்டும்தான்.

போர்ச்சுகீசியச் சொல் என்று நண்பர் ஒருவர் அடித்துச் சொல்கிறாரே?

அப்படி ஒரு கருத்து பழையதுதான். போர்ச்சுகீசிய மொழியில் ‘ஷாப்பா’ என்றால் மெல்லிய உலோகத் தகடு. முத்திரைக்கும் தகட்டுக்கும் உள்ள நெருக்கத்தைப் பார்த்து, இதுவும் அவர்கள் விட்டுப்போன சொல்லாக இருக்குமோ என்று ஹாப்சன்-ஜாப்சனே யோசித்திருக்கிறது. ஆனால் இந்தியில் முத்திரை, பதித்தல், அச்சடித்தல் என்று பெயரும் வினையுமாக ஒரு குடும்பமே இருக்கும்போது வெளியே தேடிப் போக அவசியம் இல்லை என்பதுதான் பொதுவான முடிவு. எனக்கும் அதுதான் சரி என்று படுகிறது.

நண்பரைச் சமாதானப்படுத்த வேண்டுமானால் மேசையைக் கொடுத்துவிடுங்கள். சோப் பண்ணுகிற சொல் இந்தி, சோப் ஆகிற மேசை போர்ச்சுகீசியம். ‘மேசா’ என்ற அவர்கள் சொல்தான் தமிழில் மேசை, மலாயில் மெஜா.

தமிழுக்கும் இதற்கும் ஏதாவது தொடர்பு உண்டா?

உண்டு. சாப்பா என்ற சொல்லைக் கேட்டிருப்பீர்கள், அல்லது உங்கள் தாத்தா சொல்லிக் கேட்டிருப்பீர்கள். மூட்டையில் சாப்பா, துணியில் சாப்பா, ‘சாப்பா குத்தியாச்சா?’ என்பதெல்லாம் ஊரில் புழங்கிய பேச்சு. இந்தியின் சாப்தான் தமிழில் சாப்பா ஆனது. ஆக, சிங்கப்பூர்ப் பிள்ளை ‘சோப்!’ என்று கத்துவதும், மண்டிக்கடைக்காரர் மூட்டையில் சாப்பா குத்துவதும் சித்தப்பா பெரியப்பா பிள்ளைகள் மாதிரி. ஒன்றிலிருந்து ஒன்று பிறந்தது இல்லை, இரண்டுக்கும் தாத்தா ஒருவர்.

இதை வைத்து ‘சோப் தமிழ்ச் சொல்தான்’ என்று வாட்ஸ்அப்பில் யாராவது கிளப்பிவிட்டால் நம்ப வேண்டாம். மலாய்க்குத் தமிழ் கொடுத்த சொற்கள் உண்மையிலேயே இருக்கின்றன: கப்பல் அங்கே காப்பால், கடை கெடாய், பெட்டி பெத்தி. இருக்கிற சொத்தே போதும், பக்கத்து வீட்டுக்காரர் சொத்தில் கை வைக்க வேண்டாம்.

இடத்தைத் தவிர வேறு எதைச் சோப் பண்ணலாம்?

எதை வேண்டுமானாலும். பெட்டியில் கடைசியாக இருக்கும் கறி பஃப், கூட்டத்தில் பேசும் முறை, தள்ளுபடி விற்பனையில் ஒரே ஒரு ஜோடி காலணி, பள்ளிக் கழிவறைக்கு அடுத்து யார் போவது என்பது. பல்கலைக்கழக நூலகத்தில் தேர்வுக் காலம் வந்தால் காலையில் பையை வைத்துவிட்டுச் சாயங்காலம் வருகிறவர்கள் உண்டு. அது சோப்பில் சேர்த்தி இல்லை, ஆக்கிரமிப்பு.

மனிதர்களையும் சோப் பண்ணுவதாகக் கிண்டல் செய்வார்கள். ‘அவளை ஏற்கெனவே ஒருத்தன் சோப் பண்ணிட்டான்’ என்று இளைஞர்கள் பேசுவது காதில் விழும். எனக்கு அது பிடிக்காது. மேசைக்கு வாய் கிடையாது, அந்தப் பெண்ணுக்கு இருக்கிறது.

ஓடிப்பிடித்து விளையாடும்போது மூச்சு வாங்கினால் ‘சோப்!’ என்று சொல்லி ஆட்டத்தைச் சற்று நிறுத்திக்கொள்வதும் உண்டு. ஊரில் ‘டைம் ப்ளீஸ்’ என்று கத்தினோமே, அதே வேலை. மலேசியாவில் இதற்கு ‘சுப்’ என்பார்கள். அங்கே மேசை பிடிப்பதும் சுப்தான். ஜோகூர் பாலத்தைத் தாண்டியதும் உயிரெழுத்து மாறிவிடுகிறது.

பேச்சில் எப்படிப் பயன்படுத்துவது? தமிழில் கலந்தால் எப்படி வரும்?

ஆங்கிலத்தில் எல்லா ஒழுங்கான வினைச்சொல்லையும்போலவே நடந்துகொள்ளும். ‘சோப்டு’ என்றால் முடிந்தது, ‘சோப்பிங்’ என்றால் நடந்துகொண்டிருக்கிறது. மலாயின் ‘கெனா’வைச் சேர்த்து ‘கெனா சோப்’ என்றால் யாரோ நமக்கு முன்னால் பிடித்துவிட்டார்கள், நமக்குக் கிடைத்தது ஏமாற்றம்.

தமிழில் வழக்கம்போலப் ‘பண்ணு’ வந்து கைகொடுக்கும். ‘நீ போய் மேசை சோப் பண்ணு, நான் தே தாரிக் வாங்கிட்டு வரேன்.’ ‘அண்ணே, இந்த இடம் சோப் ஆயிடுச்சா?’ ‘ஆன்ட்டி, என் பிள்ளைக்கு ஒண்ணு சோப் பண்ணி வைங்க, அப்புறம் வந்து வாங்கிக்கிறேன்.’ கடைசி வாக்கியத்தை லிட்டில் இந்தியாவின் தேக்கா சந்தையில் மீன் கடையிலும் கேட்கலாம், தீபாவளி நேரத்தில் பலகாரக் கடையிலும் கேட்கலாம்.

ஏன் டிஷ்யூ பாக்கெட்? வேறு எதுவும் வைக்கக் கூடாதா?

உணவங்காடிக் கடைகளில் தட்டோடு கைத்துடைக்கும் தாள் தருகிற வழக்கம் இல்லை. கறிக் குழம்பு தின்றுவிட்டு வாயைத் துடைக்க ஆளுக்கொரு பாக்கெட் பையில் இருந்தே ஆகவேண்டும். எம்ஆர்டி ரயில் நிலையங்களின் வாசலிலும் உணவங்காடிகளிலும் அதை விற்றுப் பிழைக்கும் முதியவர்களும் உண்டு. ஆக, எல்லார் பையிலும் இருக்கிற பொருள், தொலைந்தாலும் வருத்தமில்லாத பொருள், திருடினாலும் லாபமில்லாத பொருள். மேசையில் தனியாக விட்டுப் போக இதைவிடப் பொருத்தமானது வேறு என்ன?

குடை வைப்பார்கள், தண்ணீர் பாட்டில் வைப்பார்கள், நாளிதழ் வைப்பார்கள். மத்திய வர்த்தக வட்டாரத்தில் கழுத்துப்பட்டியோடு அலுவலக அட்டையையே வைத்துவிட்டுப் போகிறவர்களைப் பார்க்கலாம். வெளியூர்க்காரர்கள் அதைப் பார்த்துவிட்டு மயக்கம் போடாத குறைதான். இந்த ஊரின் பாதுகாப்பைப் பற்றி எந்தச் சுற்றுலாக் கையேடும் அவ்வளவு தெளிவாகச் சொன்னதில்லை. ஆனாலும் அட்டையை வைக்காதீர்கள். திருடு போகாது, மேசை துடைக்கும் அங்கிள் தட்டோடு சேர்த்து எடுத்துப் போய்விடுவார்.

சோப் பண்ணுவதற்குச் சட்டம் ஏதாவது இருக்கிறதா?

கிடையாது. தட்டைத் திருப்பி வைக்கச் சட்டம் உண்டு; 2021 செப்டம்பர் 1 முதல் உணவங்காடி நிலையங்களில் அது கட்டாயம். மேசையில் டிஷ்யூ வைப்பதை அரசாங்கம் அனுமதிக்கவும் இல்லை, தடுக்கவும் இல்லை. அந்த மேசை பொது மேசை, யார் வேண்டுமானாலும் உட்காரலாம். பாக்கெட்டைத் தள்ளிவைத்துவிட்டு நீங்கள் உட்கார்ந்தால் போலீஸ் வராது, பத்துப் பேரின் முறைப்புதான் வரும். பெரும்பாலோருக்கு அந்த முறைப்பே போதும்.

எப்போதும் முறைப்போடு முடியும் என்றும் சொல்ல முடியாது. 2017இல் தோ பாயோவில் ஓர் உணவங்காடியில் மேசை யாருக்கு என்ற தகராறில் முதியவர் ஒருவரைத் தள்ளிவிட்டார்கள். காணொளி பரவி, வழக்கு நீதிமன்றம் வரை போயிற்று. அங்கே கேள்வி சோப் பண்ணியது செல்லுமா என்பது இல்லை, கை வைத்தது. மேசை தகராறு என்றால் எழுந்து வேறு மேசை தேடுவதுதான் நல்லது.

முன்பதிவும் சோப்பும் ஒன்றுதானே?

இல்லவே இல்லை. முன்பதிவு என்றால் எதிரில் ஒருவர் இருக்கிறார். நீங்கள் கேட்கிறீர்கள், அவர் சரி என்கிறார், பெயரை எழுதிக்கொள்கிறார். சோப்பில் யாரையும் கேட்பதில்லை. நீங்களே எடுத்துக்கொண்டு நீங்களே அறிவித்துவிடுகிறீர்கள். மற்ற எல்லாரும் அதை மதித்து ஒதுங்கிப் போவதால்தான் அது நடக்கிறது. அவர்கள் ஏன் மதிக்கிறார்கள் என்றால், நாளைக்கு அவர்களும் வைக்கப் போகிறார்கள்.

இந்தப் பெயரிலேயே உணவக முன்பதிவுச் செயலி ஒன்று 2011இல் சிங்கப்பூரில் தொடங்கியது. 2024இல் கிராப் நிறுவனம் அதை வாங்கிவிட்டது. பெயர் என்னவோ சோப், ஆனால் நடப்பது நாகரிகமான முன்பதிவுதான்.

நம்ம ஊரில் பஸ் ஜன்னல் வழியாகத் துண்டு போடுவதும் இதுவும் ஒன்றா?

நோக்கம் ஒன்று. பண்டிகைக்கு முந்தின நாள் பேருந்து நிலையத்தில், வண்டி நிற்பதற்கு முன்பே ஜன்னல் வழியாகத் துண்டோ பையோ கைக்குட்டையோ உள்ளே பறக்கும். அதனால்தான் ‘அந்தப் பதவிக்கு அவர் எப்பவோ துண்டு போட்டுட்டார்’ என்று அரசியலிலும் பேசுகிறோம். சோப் என்பதைத் தமிழில் சொல்லுங்கள் என்று என்னைக் கேட்டால் முதலில் வாயில் வருவது ‘துண்டு போடு’தான்.

ஆனால் வித்தியாசம் இருக்கிறது. துண்டு போட்டவர் கீழே நின்று அதை ஒரு கண் பார்த்துக்கொண்டே ஏறுவார், உள்ளே வந்ததும் ‘துண்டு கிடக்கே, தெரியலையா?’ என்று வாதாடவும் தயாராக இருப்பார். அங்கே துண்டு வாதத்தின் தொடக்கம். இங்கே டிஷ்யூ வைத்தவர் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை. பேச்சுக்கே இடம் வைக்காமல் போய்விடுகிறார். ஊரிலிருந்து வந்தவர்களுக்கு முதலில் உறுத்துவது இதுதான். ‘ஆள் இல்லாத இடத்துக்கு என்ன உரிமை?’ என்பார்கள். சில மாதம் கழித்து அவர்கள் பையிலும் இரண்டு பாக்கெட் இருக்கும்.

அப்படியானால் சோப் பண்ணுவது நியாயமா?

நேரத்தைப் பொறுத்தது. அம்மா, கைக்குழந்தை, பாட்டி என்று கூட்டமாக வருகிறவர்கள் சூடான சூப்பைக் கையில் ஏந்திக்கொண்டு மேசை தேடி அலைய முடியாது. ஒருவர் உட்கார்ந்து இடம் பார்த்துக்கொள்வதோ, பாக்கெட் வைத்துவிட்டுப் போவதோ நியாயம்தான்.

என்னால் ஏற்க முடியாதது வேறு. பன்னிரண்டரை மணிக் கூட்டத்தில், ஆறு பேர் உட்காரும் மேசையில் ஒரு பாக்கெட்டை வைத்துவிட்டு இரண்டு பேர் இருபது நிமிடம் வரிசையில் நிற்பது. அதற்குள் அந்த மேசையில் ஒருவர் மீ கோரெங் சாப்பிட்டு முடித்து எழுந்தே போயிருப்பார். தனியாக வருகிறவருக்குத்தான் இதில் அதிக நஷ்டம். தட்டும் கையுமாக நின்றுகொண்டு காலி மேசைகளைப் பார்த்துக்கொண்டிருப்பார். சோப் பண்ணுகிறவர்கள் ஒருவராவது உட்கார்ந்துகொள்ளலாம். அல்லது தேவையான இடத்தை மட்டும் பிடிக்கலாம். ஒரு பாக்கெட் ஒரு நாற்காலிக்குத்தான், மேசைக்கு இல்லை. இது என் கட்சி, எல்லாரும் ஒத்துக்கொள்ள மாட்டார்கள்.

எங்கு பார்த்தாலும் பாக்கெட்தான் கிடக்கிறது. நான் என்ன செய்ய?

மேசையைப் பகிர்ந்துகொள்வது இங்கே சாதாரணம். முகம் தெரியாதவர் எதிரில் உட்கார்ந்து சாப்பிடுவதை யாரும் தப்பாக எடுத்துக்கொள்வதில்லை. ‘இங்கே யாராவது இருக்காங்களா?’ என்று நாற்காலியைக் காட்டிக் கேளுங்கள். பாதிப் பேர் தலையாட்டி இடம் கொடுப்பார்கள். ஆள் இல்லாமல் பாக்கெட் மட்டும் கிடந்து, நீங்கள் அவசரமாகச் சாப்பிட்டுப் போக வேண்டியவர் என்றால், ஓர் ஓரமாக உட்காரலாம். உரியவர் வந்ததும் சிரித்துக்கொண்டே ‘இதோ முடிஞ்சிடுச்சு’ என்று சொல்லுங்கள். பாக்கெட்டைத் தொடாதீர்கள். அதிலிருந்து ஒரு தாளை உருவி வாயைத் துடைக்கவே துடைக்காதீர்கள்.

பள்ளிக் கட்டுரையிலோ அலுவலக மின்னஞ்சலிலோ எழுதலாமா?

ஆங்கிலக் கட்டுரையில் உரையாடல் பகுதியில் வந்தால் பொருந்தும், மற்ற இடத்தில் ஆசிரியர் சிவப்பு மையால் வட்டம் போடுவார். நல்ல ஆங்கிலம் பேசுங்கள் என்ற இயக்கம் 2000இல் இங்கே தொடங்கியதிலிருந்து சிங்லிஷ் எனப்படும் சிங்கப்பூர்ப் பேச்சு ஆங்கிலச் சொற்களுக்குப் பள்ளியில் வாசலோடு நிறுத்தம். சக ஊழியருக்கு அனுப்பும் குறுஞ்செய்தியில் தாராளமாக எழுதலாம், வெளிநாட்டு வாடிக்கையாளருக்கு வேண்டாம். அவருக்கு அது எழுத்துப்பிழையாகத் தெரியும்.

தமிழ்க் கட்டுரையில் ‘இடம் பிடித்து வைத்தான்’ என்று எழுதினால் போதும், யாரும் குறை சொல்ல முடியாது. ‘முன்பதிவு செய்தான்’ என்று எழுதினால் பொருள் மாறிவிடும். டிஷ்யூ பாக்கெட்டை வைத்து யாரும் முன்பதிவு செய்வதில்லை.

ஞாயிற்றுக்கிழமை தேக்காவில் மேசை கிடைக்குமா?

பதினொன்றரைக்கு முன்னால் போனால் கிடைக்கும். அதற்கு மேல் என்றால் இரண்டு பேராகப் போங்கள். பிரியாணி வரிசை நீளம், எனவே பொறுமைசாலி வரிசைக்கு, முகம் கொடுத்துப் பேசத் தெரிந்தவர் மேசைக்கு. தனியாகப் போகிறவர்கள் பொட்டலமாகக் கட்டி வாங்கிக்கொள்வது உத்தமம்.